ஜன்னல் பக்கம் திரும்பிய முகம்

டீச்சருக்கு வயிற்றெரிச்சல். இதைச் சுற்றி வளைத்துச் சொல்ல என்ன இருக்கிறது? தன் நாடகத்தில், தன் வேஷத்தில், தன் உடுப்பையே இரண்டு பக்கமும் பிடித்துத் தைத்துப் போட்டுக்கொண்டு ஓர்ப்படி மேடையில் நிற்கிறாள். தானோ கடைசி வரிசையில் முட்டிக்கு ஐஸ் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள். யாருக்குத்தான் எரியாது?

அவளை எல்லாரும் டீச்சர் என்றுதான் கூப்பிடுவார்கள், கட்டிய கணவர் உட்பட. ஊர் ஊராகப் போகும் ஒரு நாடகக் கம்பெனியில், தட்டை ஏந்தி வந்து வைத்துவிட்டுப் போகும் வேலைக்காரியாக ஆரம்பித்தவள். வசனமே கிடையாது. ஆனால் அவள் நடந்து வருவதைப் பார்த்துவிட்டு ஜனங்கள் கதாநாயகியை மறந்தார்கள். பிறகு அவளே கதாநாயகி. கம்பெனி படுத்துக்கொண்டபோது பழைய திரைகளையும் ஓட்டை வேனையும் வாங்கித் தானே தயாரிப்பாளரானாள். சுற்றுவட்டாரத்தில் அவள் கால் படாத மேடை கிடையாது.

நாடகம் இல்லாத நாட்களில் டயர் கடைக்கு மேலே இருந்த ஹாலில் உடலசைவு வகுப்பு. நடப்பது, உட்காருவது, விழுவது, எழுவது. 'இதையெல்லாமா பணம் கட்டிக் கத்துப்பாங்க' என்று நக்கலடித்தவர்களே பின்னால் தங்கள் பிள்ளைகளைக் கொண்டுவந்து விட்டார்கள். வகுப்புக்கு ஒரே சட்டம், விளக்கம் கேட்கக் கூடாது. "கண்ணால பாரு, உடம்பால செய். வாய்க்கு இங்க வேலை இல்ல." யாராவது 'ஏன் டீச்சர்' என்று இழுத்தால் கதவைக் காட்டுவாள். அந்தச் சட்டத்தில் அவளுக்கு அப்படி ஒரு பெருமை.

கம்பெனிக்குச் சோறு போட்டது ஒரே நாடகம். வீடு ஏலம் போன ஒருத்தியின் கதை. கடைசிக் காட்சியில் கட்டி வைத்த மூட்டைகளுக்கு நடுவே அவள் தரையில் உட்கார்ந்திருப்பாள். இனி எழமாட்டாள் என்று எல்லாரும் நினைக்கும்போது எழுவாள். கையை ஊன்றாமல், எதையும் பிடிக்காமல், அவ்வளவு மெதுவாக. அரங்கில் குண்டூசி விழுந்தால் கேட்கும். டிக்கெட் வாங்குபவர்கள் பாதிப் பேர் அந்த எழுந்திருப்புக்காகவே வருவார்கள்.

இரண்டு வருடங்களுக்கு முன்னால் இடது முட்டி மக்கர் பண்ண ஆரம்பித்தது. டீச்சர் மூச்சு விடவில்லை. கணவரிடம்கூட. அதற்குப் பதில் ஒரு வேலை செய்தாள். எழும்போது முகத்தை மேடை வீட்டின் ஜன்னல் பக்கம் திருப்பினாள். எல்லார் கண்ணும் ஜன்னலுக்குப் போகும் அந்த நொடியில் இடது உள்ளங்கையைத் தொடையில் அழுத்திப் பாரத்தை வலது காலுக்குத் தள்ளிவிட்டாள். ஒரு பத்திரிகைக்காரர் 'வீட்டின் ஜன்னலை அவள் கடைசியாகப் பார்க்கும் அந்தப் பார்வை' என்று உருகி எழுதினார். டீச்சர் அதைப் படித்து வயிறு குலுங்கச் சிரித்தாள். தைலம் தடவிக்கொண்டேதான் சிரித்தாள்.

போன வாரம் முட்டி பலாப்பழம் மாதிரி வீங்கி, காலை மடக்கவே முடியாமல் போனது. படியில் வழுக்கிவிட்டதாகச் சொன்னாள். டிக்கெட் விற்றாகிவிட்டது, வசனம் தெரிந்தவள் சின்னவள் ஒருத்திதான்.

சின்னவள் என்றால் கொழுந்தன் மனைவி. ஒரே வீட்டில் மாடியில் குடியிருப்பவள், இன்சூரன்ஸ் ஆபீஸில் வேலை. சும்மா துணிக்கு இஸ்திரி போட வருகிறேன் என்று வந்தாள், அப்புறம் திரைக்குப் பின்னால் நின்று வசனம் எடுத்துக் கொடுத்தாள், அப்புறம் வகுப்பிலும் சேர்ந்தாள். இப்போது மேடைக்கே வந்துவிட்டாள்.

கடைசிக் காட்சி வந்தது. சின்னவள் எழுந்தாள். முகம் ஜன்னல் பக்கம் திரும்பியது. இடது கை தொடைக்குப் போனது.

டீச்சருக்குத் தூக்கிவாரிப் போட்டது. திருடி! முதலில் அப்படித்தான் தோன்றியது. அடுத்த நொடியே விஷயம் புரிந்து, உள்ளுக்குள் குளுகுளுவென்று இருந்தது. இது என் நோவு, நடிப்பு இல்லை. அசடு, இதையும் சேர்த்துக் காப்பியடித்திருக்கிறது! ஆனால் கைத்தட்டல் ஓயவே இல்லை. அந்தச் சந்தோஷமும் அதோடு போயிற்று.

விளக்கு போடும் வேலையைப் பார்த்துக்கொண்டிருந்த கணவர் இறங்கி வந்தார். இடம் பொருள் ஏவல் தெரியாத மனுஷன். "டீச்சர், அசத்திட்டா இல்ல? அச்சு அசல் நீயேதான்!"

"வண்டிய எடுங்க," என்றாள் டீச்சர்.

மறுநாள் பெரிய அரங்கின் மேனேஜர் போன் செய்தார். சனிக்கிழமை நாடகம் பார்க்க வருகிறாராம். பிடித்துவிட்டால் வருடம் முழுக்க அவர்கள் அரங்குகளில்தான். "அந்தப் புதுப் பொண்ணையே போடுங்க டீச்சர், ஊரே பேசுது." புதுப் பொண்ணாம்! நாற்பதைத் தாண்டியாகிவிட்டது, பிள்ளை காலேஜ் போகிறான். டீச்சர் பல்லைக் கடித்துக்கொண்டு சரி என்றாள்.

அதற்கடுத்த நாள் காலையில் சின்னவள் மாடியிலிருந்து இறங்கி வந்தாள்.

"அக்கா, ஒண்ணு கேட்டா திட்டுவீங்களா?"

"திட்டற மாதிரி இருந்தா கேக்காதே."

"கடைசியில எந்திரிக்கறேன்ல, அதுல ஏதோ இடிக்குது. கை எதுக்குப் போகுதுன்னு எனக்கே தெரியல. சரியாத்தான் செய்யறேனா?"

டீச்சர் நாக்கு நுனியில் பதில் இருந்தது. மேனேஜரும் அங்கே நின்றிருந்தார், மனதுக்குள். பழைய எழுந்திருப்பை முட்டி நன்றாக இருந்த காலத்தில் நேரில் பார்த்தவர் அவர். இந்தக் கையைப் பார்த்தால் உதட்டைப் பிதுக்குவார். 'என்ன இருந்தாலும் டீச்சர் மாதிரி வருமா' என்பார். அந்த ஒரு வாக்கியத்துக்காகத் தன் கம்பெனியின் ஒரு வருடப் பிழைப்பே போனாலும் பரவாயில்லை என்று டீச்சருக்கு இருந்தது. அதை நினைத்து அவளுக்குக் கொஞ்சம் பயமாகக்கூட இருந்தது.

"நல்லாத்தானே இருக்கு. அப்படியே செய்," என்றாள்.

"நீங்க சொன்னா சரி அக்கா," என்று சின்னவள் நிம்மதியாக ஆபீஸுக்குப் போனாள். டீச்சருக்கு அன்றைக்கு எதிலும் மனசு ஓடவில்லை.

வெள்ளிக்கிழமை வகுப்பு. முட்டி வலியால் டீச்சர் செய்து காட்டவில்லை, முதல் தடவையாக நாற்காலியில் உட்கார்ந்து வேடிக்கை பார்த்தாள். "எல்லாரும் தரையில உக்காருங்க. ம், எந்திரிங்க."

எழுந்தார்கள். பாங்க் குமாஸ்தா, பல் டாக்டர், இரட்டைச் சகோதரிகள், சின்னவள், எல்லாரும். ஹால் முழுக்க முகம் ஜன்னல் பக்கம் திரும்பியது. ஹால் முழுக்க இடது கை தொடையில் அழுந்தியது. துள்ளிக் குதிக்க வேண்டிய அந்த இரட்டைப் பெண்கள்கூடக் கிழவிகள் மாதிரி எழுந்தார்கள்.

டீச்சர் முகத்தில் ஈயாடவில்லை. "எல்லாரும் ஏன் ஜன்னலைப் பாக்கறீங்க?"

"நீங்க பார்ப்பீங்களே டீச்சர்," என்றாள் பல் டாக்டர்.

"அங்க என்னதான் இருக்குன்னு நானும் ரெண்டு வருஷமா தேடிட்டிருக்கேன் டீச்சர்," என்றார் குமாஸ்தா. "டயர் கடை போர்டுதான் தெரியுது."

ஹாலே சிரித்தது. சின்னவளும் சிரித்தாள். சிரித்துக்கொண்டே தன் தொடையிலிருந்த கையைப் பார்த்தாள், பிறகு டீச்சரின் முட்டியைப் பார்த்தாள். சிரிப்பு நின்றது. அவளுக்குப் புரிந்துவிட்டது. வழுக்கி விழுந்த முட்டி இல்லை இது என்றும், அன்று காலையில் தனக்குக் கிடைத்த பதில் என்ன பதில் என்றும்.

இப்போது வாயைத் திறப்பாள், மானம் கப்பலேறப் போகிறது என்று டீச்சர் காத்திருந்தாள்.

"டீச்சர் செஞ்சா அதுல ஒரு காரணம் இருக்கும். இங்க யாரும் கேக்கக் கூடாதுல்ல?" என்று சொல்லிவிட்டுச் சின்னவள் மறுபடி தரையில் உட்கார்ந்து, கையைத் தொடையில் வைத்துக்கொண்டாள்.

அவள் கத்தியிருந்தால் டீச்சர் திருப்பிக் கத்தியிருப்பாள். திருடியதைப் பொறுத்துக்கொள்ளலாம், இந்தப் பெருந்தன்மையை எப்படிப் பொறுத்துக்கொள்வது? அதிலும் சின்னவளா தன்னைவிட ஒரு படி மேலே போவது?

"கைய எடு," என்றாள் டீச்சர். "அது பாடம் இல்ல. எனக்கு முட்டி போய் ரெண்டு வருஷமாச்சு. நீங்க எல்லாரும் என் வலியைக் கத்துட்டிருக்கீங்க."

டீச்சர் தன் சட்டத்தைத் தானே உடைத்து, வாயால் சொல்லிக் கொடுத்தாள். "பாதத்தை உள்ள இழு. பாரத்தை முன்னாடி கொண்டு வா, இன்னும், விழப் போற மாதிரி. மூச்சை விட்டுக்கிட்டே ஏறு. எதையும் பிடிக்காதே. எங்கேயும் பாக்காதே, நேரா பாரு."

சின்னவள் எழுந்தாள்.

அதுதான். வருடக்கணக்கில் ஜனங்கள் வாயைப் பிளந்து பார்த்த அதேதான். இல்லை, அதைவிட ஒரு பிடி நன்றாகவே இருந்தது. அதை டீச்சரைவிடத் தெளிவாகப் பார்க்க அந்த ஹாலில் வேறு யாருக்கும் கண் கிடையாது. நாளைக்கு மேனேஜரும் பார்ப்பார். இனி அந்த வேஷம் திரும்பி வராது.

"சரியா அக்கா?" என்று கேட்டாள் சின்னவள்.

"சரி," என்றாள் டீச்சர். வயிறு அப்படியே எரிந்துகொண்டிருந்தது, கொஞ்சமும் குறையவில்லை. "இன்னொரு தடவை."

சின்னவள் மறுபடி உட்கார்ந்து, மறுபடி எழுந்தாள். இந்த முறை டீச்சரால் பார்க்க முடியவில்லை. முகத்தை ஜன்னல் பக்கம் திருப்பிக்கொண்டாள். அங்கே டயர் கடை போர்டுதான் தெரிந்தது.