நீர்யானையும் அச்சில் ஏறாத வார்த்தையும்

சித்தி எழுதிய முயல்குட்டி முதல் பக்கத்திலிருந்தே ஜன்னல் ஓரமாக நின்றுகொண்டிருந்தது. வெளியே மற்ற முயல்கள் குதித்து விளையாடின. இது மட்டும் பெருமூச்சு விட்டது. இதற்குச் சிஸ்டிக் ஃபைப்ரோசிஸ்.

சித்தி குழந்தைகளுக்கான படக்கதைகளை எழுதி, படமும் தானே வரைபவள். குழந்தைகள் ஆஸ்பத்திரியின் நுரையீரல் பிரிவிலிருந்து அவளைக் கூப்பிட்டு, இந்த நோயோடு வளரும் பிள்ளைகளுக்கென்று ஒரு புத்தகம் வேண்டும் என்று கேட்டிருந்தார்கள். அவள் யோசிக்காமல் ஒத்துக்கொண்டதற்குக் காரணம், அக்கா மகளுக்கே அந்த நோய்தான். நெஞ்சிலும் வயிற்றிலும் தண்ணீராகச் சுரக்க வேண்டியதெல்லாம் கோந்து மாதிரி கெட்டிப்பட்டு அடைத்துக்கொள்ளும், பிறவியிலேயே வருவது. வியர்வையில் உப்பும் அதிகம். பிறந்த குழந்தையை முதன்முதலில் முத்தமிட்ட அப்பா உதட்டை நக்கிப் பார்த்து, "என்ன இது, உப்புக் கரிக்குது?" என்றார். டாக்டர்கள் நோய்க்குப் பெயர் சொல்வதற்கு முன்பே அவர் குழந்தைக்குப் பெயர் வைத்துவிட்டார்: உப்புமூட்டை. எட்டு வயதாகியும் அவள் அப்பாவின் முதுகில் ஏறினால் இறங்குவதில்லை என்பதால், பெயர் இரண்டு வகையிலும் பொருந்திப்போனது.

ஒரு சனிக்கிழமை காலை, சித்தி முயல்கதையைத் தூக்கிக்கொண்டு அக்கா வீட்டுக்கு வந்தாள். நேரம் பார்த்துத்தான் வந்தாள். உப்புமூட்டை முகத்தில் நெபுலைசர் மூடியை மாட்டிக்கொண்டு மருந்துப் புகையை இழுத்துக்கொண்டிருந்தாள். அது முடிய இருபது நிமிடம் ஆகும். அதுவரை பேச முடியாது, எழுந்து ஓடவும் முடியாது. ஓர் எழுத்தாளருக்கு இதைவிட நல்ல ரசிகை எங்கே கிடைப்பாள்?

ஆனால் அவள் மடியில் எழுதி அழிக்கும் பலகை ஒன்று இருந்தது. சித்தி இரண்டாவது பக்கத்தைத் திருப்புவதற்குள் அது மேலே எழும்பியது.

"ஏன் ஜன்னல்கிட்டயே நிக்குது? பஸ்ஸுக்கா?"

சித்தி சிரித்துச் சமாளித்துக்கொண்டு மேலே படித்தாள். பலகை மறுபடி எழும்பியது.

"மாத்திரை போடாம கேரட் தின்னுச்சே. வயிறு வலிக்குமே?"

பிறகு, "இதுக்கு அம்மா இல்லையா? யாரும் திட்டவே இல்ல."

கடைசிப் பக்கத்தில் முயல் வானத்து நட்சத்திரத்தைப் பார்த்துக்கொண்டு நின்றது. சித்தி குரலைத் தழைத்து, இழுத்து இழுத்துப் படித்தாள். இயந்திரம் நின்றது. உப்புமூட்டை மூடியைக் கழற்றினாள். மூக்கைச் சுற்றி வட்டமாகத் தடம் பதிந்திருந்தது.

"கடைசியில ஏன் நட்சத்திரம்? முயல் செத்துப்போச்சா?"

சமையலறையில் பாத்திரச் சத்தம் நின்றது. சித்தி அவசரமாகக் கடைசித் தாளைக் கவிழ்த்து வைத்தாள்.

"ஐயோ, இல்லடி கண்ணு. சும்மா அழகுக்கு வரைஞ்சேன்."

"அழகுக்குன்னா வேற ஏதாவது வரைங்க சித்தி. சைக்கிள் வரைங்க." அவள் கொஞ்சம் யோசித்தாள். "அப்புறம், இந்த முயல் ஒரு தடவைகூட குசு விடல."

"என்னது?"

"சாப்பாட்டுக்கு மாத்திரை கம்மியாப் போச்சுன்னா எங்களுக்கெல்லாம் குசு பயங்கரமா வரும். போன வாரம் கணக்கு டீச்சர் ரெண்டு ஜன்னலையும் திறந்துவிட்டாங்க. அதுதான் சித்தி முக்கியம். அத விட்டுட்டு நட்சத்திரம் வரைஞ்சிருக்கீங்க."

"நான் ரெண்டு விருது வாங்கினவடி!" என்றாள் சித்தி, மூஞ்சி தொங்கிப்போய்.

"அதெல்லாம் நல்லா இருக்கிற முயலுக்கு வாங்கினது."

அம்மா உள்ளேயிருந்து எட்டிப் பார்த்தாள். "இன்னிக்கு முழுக்க இங்கயே இருந்து பாரு. நீ வந்தா அரைமணி நேரத்துல கிளம்பிடுவ. எங்க வீட்ல என்ன நடக்குதுன்னு உனக்கு எங்க தெரியும்?"

சித்தி இருந்தாள். காலைச் சாப்பாட்டுக்கு உட்கார்ந்தபோது, ஊரில் எந்த அம்மாவும் சொல்லாததை அக்கா சொன்னாள். "வெண்ணெய் போதாது, இன்னும் தடவு. அந்த முட்டை மேல உப்பு எங்க? போடு, போடு!" கொழுப்பு செரிப்பதற்கு உப்புமூட்டை நான்கு மாத்திரைகளை ஒரே மடக்கில் விழுங்கினாள். உடம்பு இளைக்க வேண்டுமென்று மூன்று மாதமாக வெண்ணெயைக் கண்ணால் மட்டும் பார்த்து வந்த சித்தி, எச்சில் விழுங்கியபடி வெள்ளரிக்காயைக் கடித்தாள்.

பிறகு அப்பாவின் முறை. அவர் வீடுகளுக்குத் தரையில் டைல்ஸ் பதிப்பவர். சரிவாகப் போட்ட மெத்தையில் மகளைக் குப்புறப் படுக்கவைத்து, உள்ளங்கையைக் கிண்ணமாகக் குவித்து முதுகில் பொத்துப் பொத்தென்று தட்டினார். "அடி உதவுற மாதிரி அண்ணன் தம்பி உதவ மாட்டான்னு சும்மாவா சொன்னாங்க?" என்றார்.

"என்ன மச்சான், காதை வேற சாய்ச்சு வச்சுக் கேக்கறீங்க?"

"டைல்ஸத் தட்டிப் பார்க்கறப்போ பொள்ளலா, உள்ள வெத்தா இருக்கிற மாதிரி சத்தம் வந்தா என் வேலை கெட்டுப்போச்சுன்னு அர்த்தம். இவகிட்ட பொள்ளல் சத்தம் வந்தாத்தான் வேலை சரி. உள்ள காத்து போகுதுன்னு அர்த்தம்."

உப்புமூட்டைக்கு இருமல் வந்தது. கிண்ணத்தில் துப்புவதற்காக எழுந்தவள், இருமிய வேகத்தில் பின்பக்கமும் பெரிதாக ஒன்றை விட்டாள்.

"ரெண்டு பக்கமும் அடைப்பு எடுத்தாச்சு," என்றார் அப்பா, வேலை முடித்த கொத்தனாரின் நிம்மதியோடு.

சித்தி சுவரில் சாய்ந்து, கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரித்தாள். அன்று சாயங்காலமே முயலைக் கிழித்துப் போட்டாள்.

புதுக்கதையில் வந்தது நீர்யானைக் குட்டி. தேர்வு உப்புமூட்டையுடையது. நீர்யானை தண்ணீருக்குள் விட்டால் குமிழி வரும், அதை வரையலாம் என்பது அவள் வாதம். காலையில் மருந்துப் புகை, அப்புறம் மாத்திரை, அப்புறம் தட்டல், பள்ளிக்கூடம், மறுபடி மாத்திரை, மறுபடி புகை. நடுவில் பெருமூச்சு விடலாம் என்று நீர்யானை நினைக்கும்போதெல்லாம் அம்மா கூப்பிட்டுவிடுவாள். புத்தகத்தின் பெயர் 'சோகப்பட நேரமில்லாத நீர்யானை'. பன்னிரண்டாம் பக்கத்தில் ஆறு முழுக்கக் குமிழிகள். கரையில் கொக்குகள் மூக்கைப் பொத்திக்கொண்டு பறந்தன.

ஆஸ்பத்திரியில் நுரையீரல் பிரிவின் பெரிய டாக்டர் அதைப் படித்தார். அவர் சிரித்து யாரும் பார்த்ததில்லை. அவருடைய மீசை அதற்கு அனுமதிக்காது என்று நர்ஸுகள் பேசிக்கொள்வார்கள்.

"தகவலெல்லாம் சரி. இந்தப் பன்னிரண்டாம் பக்கத்துல ஒரு வார்த்தை இருக்கே," என்றார். "அதை அச்சுல எப்படிம்மா போடறது? 'வாயு வெளியேற்றம்'னு மாத்திடுங்க."

"பிள்ளைங்ககிட்ட ஒரு தடவை படிச்சுப் பார்க்கலாம் சார். அவங்களுக்குப் பிடிக்கலன்னா மாத்திடறேன்," என்றாள் சித்தி.

அடுத்த புதன்கிழமை ஏற்பாடானது. பரிசோதனைக்கு வந்த ஆறு பிள்ளைகள் ஆறு அறைகளில், ஒவ்வொருவர் முன்னாலும், கதை படிப்பவரின் முகம் தெரிகிற மாதிரி ஒரு வீடியோ திரை. இந்த நோயுள்ளவர்கள் ஒன்றாக உட்காரக் கூடாது. ஒருவர் நெஞ்சில் இருக்கும் கிருமி இன்னொருவருக்கு ஆபத்து. நான்காம் அறையில் உப்புமூட்டை. எல்லாம் தயார். ஆனால் சித்தி வாசலிலேயே ஒரு தும்மல் போட்டாள்.

"சளியா? உள்ள வரக் கூடாது," என்று காவலாளி கையை நீட்டி மறித்தார்.

"ஐயா, நான்தான் இந்தப் புத்தகத்த எழுதினவ!"

"எழுதினவங்களுக்குக் கிருமி வராதா?"

சித்தி வண்டி நிறுத்துமிடத்தில் ஒரு கல்லில் உட்கார்ந்து, உள்ளே நடப்பதைக் கேட்க அக்காவுக்குப் போன் போட்டுக் காதில் வைத்துக்கொண்டாள். உள்ளே புத்தகம் பெரிய டாக்டரின் கைக்குப் போனது. படிப்பதற்கு வேறு ஆள் இல்லை.

அவர் மருந்துச்சீட்டு வாசிப்பதுபோல் வாசித்தார். பிள்ளைகள் கொட்டாவி விட்டார்கள். பன்னிரண்டாம் பக்கம் வந்தது. டாக்டர் தொண்டையைச் செருமினார்.

"அப்போது நீர்யானை... வாயுவை வெளியேற்றியது."

ஆறு திரைகளிலும் பிள்ளைகள் முழித்தார்கள். ஒன்றாம் அறையிலிருந்த வாண்டு கேட்டது: "வாயுன்னா என்ன?"

"வாயு என்பது, குடலில் செரிக்காத கொழுப்பு..."

"டாக்டர்!" நான்காம் அறையிலிருந்து குரல் வந்தது. "இருக்கிறத இருக்கிற மாதிரியே படிங்க!"

டாக்டர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். மறுபடி மாட்டினார். அக்கம்பக்கம் பார்த்தார். "அப்போது நீர்யானை," என்றவர் குரலைத் தாழ்த்தி, "குசு விட்டது," என்றார்.

"சத்தம்! அடுத்த வரியில சத்தம் இருக்கு!"

முப்பது வருட அனுபவமுள்ள அந்த நிபுணர் கன்னங்களை உப்பவைத்தார். "டர்ர்ர்ர்ர்ர்ர்!"

மீசை பட்டாம்பூச்சிபோலப் படபடத்தது. முதலில் சிரித்தது ஒன்றாம் அறை. பிறகு ஆறும். சிரிப்பு இருமலைக் கிளப்பியது, இருமல் கோந்தைக் கிளப்பியது, பிசியோதெரபிஸ்ட் அம்மா கிண்ணங்களோடு அறைக்கு அறை ஓடினார். "இன்னொரு தடவை டாக்டர்!" என்று பிள்ளைகள் கத்தினார்கள். அவர் இன்னொரு தடவை செய்தார். மூன்றாவது தடவை யாரும் கேட்கவில்லை, தானாகவே செய்தார்.

மூச்சிரைக்க வந்த பிசியோதெரபிஸ்ட், "சார், நான் அரைமணி நேரம் தட்டினாலும் இவ்வளவு வராது," என்றார்.

வண்டி நிறுத்துமிடத்தில் சித்தி, மூக்கைச் சிந்திக்கொண்டே கைதட்டினாள்.

புத்தகம் வார்த்தை மாறாமல் அச்சானது. டாக்டர் ஒரே ஒரு திருத்தம்தான் சொன்னார்: நீர்யானையின் எடைக்கு நான்கு மாத்திரை போதாது, குறைந்தது நாற்பது வேண்டும்.

புத்தகம் கைக்கு வந்த வாரம், உப்புமூட்டை ஆஸ்பத்திரியில் கண்ணாடிக் கதவு போட்ட ஓர் அறையில் தன் முறைக்காகக் காத்திருந்தாள். நடைபாதைக்கு எதிர்ப்புறம், மூடிய கண்ணாடிக் கதவுக்குப் பின்னால் அவள் வயதுப் பெண் ஒருத்தி. பெயர் தெரியாது. பக்கத்தில் போய் உட்கார்ந்து பேசவும் வழியில்லை. அந்தப் பெண் மடியிலிருந்து அதே புத்தகத்தை எடுத்து, பன்னிரண்டாம் பக்கத்தை விரித்துக் கண்ணாடியில் அழுத்திக் காட்டினாள். பிறகு கன்னங்களை உப்பினாள்.

உப்புமூட்டையும் உப்பினாள். இரண்டு கண்ணாடிகளிலும் எச்சில் தெறித்தது. நடுவில் மருந்து வண்டியைத் தள்ளிக்கொண்டு போன நர்ஸ் இரண்டு பக்கமும் திரும்பிப் பார்த்துவிட்டு, தலையில் அடித்துக்கொண்டு, துடைக்கத் துணி எடுக்கப் போனார்.