லித்துவேனியாவுக்கு ஒரு பொன்னாடை

ஆரணியில் லித்துவேனியா என்று ஒரு நாடு இருப்பது இரண்டு பேருக்குத் தெரியும். ஒருவர் கணக்கு வாத்தியார் சம்பந்தம். அவருக்கு நிஜமாகவே தெரியும். இன்னொருவர் இலக்கியப் பேரவைத் தலைவர் வீரபாகு. தனக்குத் தெரியும் என்று அவர் நினைத்துக்கொண்டிருந்தார். வந்த வினையெல்லாம் இரண்டாமவரின் அறிவால் வந்தது.

சம்பந்தம் ஆறு வருஷமாக லித்துவேனிய நாட்டுப்பாடல்களை ஆங்கிலம் வழியாகத் தமிழில் எழுதிக்கொண்டிருந்தார். ஏன் லித்துவேனியா என்று கேட்டால் அவருக்கே பதில் குழப்பம்தான். அந்தப் பாட்டுகளில் பெண்கள் தறியில் உட்கார்ந்து ஆளிச்செடி நாரில் எடுத்த நூலில் துணி நெய்கிறார்கள். நெய்துகொண்டே மாமியாரைத் திட்டுகிறார்கள். சேவூர் டவுன் பஸ்ஸில் தினமும் கேட்கிற பேச்சு பனிக்கு நடுவிலும் இருக்கிறதே என்று ஒரு பாட்டில் தொடங்கியவர், நூற்றுப் பன்னிரண்டில் வந்து நின்றார்.

அச்சாக ஒரே ஒரு கையெழுத்துதான் பாக்கி. பாட்டுகளைத் தொகுத்த ரூதா என்கிற அம்மையார் அந்நாட்டுத் தலைநகர் வில்னியஸில் இருந்தார். ‘சென்னைக்கு ஒரு கருத்தரங்குக்கு வருகிறேன். அப்படியே ஆரணிக்கும் வந்து உங்களைப் பார்த்துவிட்டு, திருப்தி என்றால் அனுமதிக் கடிதத்தில் கையெழுத்திடுகிறேன்’ என்று எழுதியிருந்தார். அந்த ‘திருப்தி என்றால்’ சம்பந்தத்தைப் பத்து நாள் தூங்கவிடவில்லை.

விஷயம் வீரபாகு காதுக்கு எட்டியது. கூட்டுறவுத் துறையில் ஓய்வுபெற்றவர். மேடையில் இன்னும் ஓய்வு பெறவில்லை.

“வெளிநாட்டு அறிஞர் ஆரணி மண்ணை மிதிக்கிறார். பேரவை கைகட்டி நிற்பதா?” என்றார். உடனே பேனர் வந்தது. அதில் தலைவரின் முகம் தண்ணீர்த் தொட்டி அளவு, ரூதாவின் முகம் தபால்தலை அளவு. சம்பந்தம் இல்லை.

“அந்த நாட்டுக் கொடியையே ஆரணிப் பட்டில் நெய்து பொன்னாடையாகப் போர்த்துவோம்” என்றும் அறிவித்தார். சம்பந்தம் ஒரு தாளில் ‘மேலே மஞ்சள், நடுவில் பச்சை, கீழே சிவப்பு’ என்று தெளிவாக எழுதிக்கொடுத்தார். ஆறு வருஷத்தில் அவர் செய்த ஒரே தவறு, அந்தத் தாளைத் தலைவர் கையில் கொடுத்ததுதான்.

ஞாயிற்றுக்கிழமை காலை எட்டரைக்கு ரூதா வந்து இறங்கினார். நாற்பது வயசிருக்கும். கல்யாண மண்டபத்து டைனிங் ஹாலில் இலை போட்டு இட்லி. தலைவர் எதிரில் உட்கார்ந்து குடும்பம் விசாரித்தார். சம்பந்தம் இரண்டு பக்கமும் மொழிபெயர்த்தார்.

“என் அம்மா சைபீரியாவில் பிறந்தவர்” என்றார் ரூதா.

“பார்த்தீங்களா சம்பந்தம்! ரஷ்யாதான்னு நான் அப்பவே சொல்லலே?”

“ஐயா, அது வேற கதைங்க. ரஷ்யாக்காரங்க அவங்க நாட்டைப் பிடிச்சுக்கினாங்க. குடும்பம் குடும்பமா சரக்கு ரயில்ல ஏத்தி சைபீரியாவுக்குக் கொண்டுபோயிட்டாங்க.”

“அரசாங்கமே ரயில் விட்டிருக்கு. எவ்வளவு நல்ல நாடு!” என்று தலைவர் கண்கலங்கினார்.

அவரைக் குறைசொல்லிப் பயனில்லை. மாஸ்கோவில் அச்சான, கெட்டி அட்டை போட்ட, மலிவு விலைத் தமிழ்ப் புத்தகங்களை வேனில் வந்து விற்ற காலத்தில் படித்து வளர்ந்தவர். பனி பெய்கிற இடமெல்லாம் அவருக்கு ரஷ்யாதான். தகராறு வந்தால் ஊட்டியையும் சேர்த்துக்கொள்வார்.

பத்து மணிக்கு நெசவாளி சத்தியராஜ் பார்சலோடு வந்தார். சம்பந்தத்தைத் தூணுக்குப் பின்னால் இழுத்தார்.

“சார், ஒரு டவுட்டு. அந்தம்மா கட்சி ஆளுங்களா?”

“எந்தக் கட்சி?”

“அரிவாள் சுத்தி போட்டு நெய்யச் சொன்னாரே உங்க தலைவர். ஒரு வாரம் இதே பேஜாரு. அந்த அரிவா முனை வளைய மாட்டேன்னுட்டுது.”

சம்பந்தம் பார்சலைப் பிரித்தார். ரத்தச் சிவப்புப் பட்டு. மூலையில் ஜரிகையில் அரிவாள், சுத்தியல், நட்சத்திரம். அடியில் வெள்ளையும் பச்சையுமாக ஒல்லிப் பட்டைகள். சோவியத் காலத்து லித்துவேனியக் கொடி. ரூதாவின் அம்மா குடும்பத்தை ரயிலேற்றிய அதே அரசாங்கத்தின் கொடி.

சம்பந்தம் தலைவரிடம் ஓடினார்.

“நீங்க எழுதின கலர் தப்பு. என்கிட்டே எழுபத்தெட்டாம் வருஷத்துக் கலைக்களஞ்சியம் இருக்கு. நல்லவேளை நான் பார்த்தேன்” என்றார் தலைவர். நன்றியை எதிர்பார்த்து நின்றார்.

“ஐயா, இதைப் போர்த்தினா அவங்க கையெழுத்தே போடமாட்டாங்க.”

“போடாம? நானே மேடையில சொல்றேன்” என்று தலைவர் மேடை ஏறிவிட்டார்.

தமிழ்த்தாய் வாழ்த்து முடிந்தது. “சோவியத் மண்ணின் சிவந்த மகளே!” என்று தலைவர் ஆரம்பித்தார். இருபது நிமிஷம். சம்பந்தம் ரூதாவின் காதில், “உங்களை வரவேற்கிறார்” என்றார்.

“இவ்வளவு நேரமும் அதுதானா?”

“தமிழ் கொஞ்சம் இழுத்துப் பேசுகிற மொழி” என்றார் சம்பந்தம். தாய்மொழிக்கு வாழ்நாளில் முதல்முறையாகத் துரோகம் செய்தார்.

பொன்னாடை நேரம் வந்தது. தட்டு சம்பந்தம் கையில் இருந்தது. ரூதா எழுந்து நின்று, யாரோ சொல்லிக்கொடுத்தபடி கைகூப்பினார். சம்பந்தம் மைக்கைப் பிடித்தார். அடுத்து என்ன சொல்லப் போகிறோம் என்று அவருக்கே தெரியவில்லை.

“இந்தப் பேரவையின் மரபுப்படி முதல் பொன்னாடை... தலைவருக்கு!”

அப்படி ஒரு மரபு கிடையாது. ஆனால் பொன்னாடை வேண்டாம் என்று சொல்லும் மரபும் வீரபாகுவிடம் கிடையாது. “எனக்கு எதுக்கு, எனக்கு எதுக்கு” என்றபடியே கழுத்தை நீட்டினார். சிவப்புப் பட்டு அவர்மேல் விழுந்து விரிந்தது. சுத்தியல் சரியாக நெஞ்சில் உட்கார்ந்தது. கைதட்டல். ரூதாவுக்கு ஒரு சாமந்தி மாலையோடு மரியாதை முடிந்தது.

ரூதாவின் பார்வை மட்டும் தலைவரின் நெஞ்சை விட்டு நகரவில்லை. கையால் வாயைப் பொத்திக்கொண்டார். தோள் குலுங்கியது. அழுகிறாரா, சிரிக்கிறாரா? ஆறு வருஷ உழைப்பு அந்தத் தோளில் குலுங்கிக்கொண்டிருக்க, சம்பந்தம் நின்றார்.

“அது என்ன?” என்றார் ரூதா, கீழே இறங்கியதும்.

சம்பந்தத்துக்குப் பொய் தீர்ந்துபோயிருந்தது. கலைக்களஞ்சியத்தையும் சொன்னார், சிவந்த மகளையும் சொன்னார். “உங்களுக்காக நெய்ததுதான். மன்னித்துக்கொள்ளுங்கள்.”

“அதை ஏன் அவர்மேல் போட்டீர்கள்?”

“அவர் மட்டும்தான் வேண்டாம் என்று சொல்லமாட்டார்.”

ரூதா திரும்பி மறுபடியும் தலைவரைப் பார்த்தார். பிறகு, “என் அம்மா ஊர் திரும்பியபின் பள்ளிக்கூடத்தில் தினமும் அந்தக் கொடிக்கு வணக்கம் வைத்தவர். பட்டில் ஒருநாளும் பார்த்திருக்கமாட்டார். அதை எனக்குத் தருவார்களா? எங்கள் ஊரில் பழைய ரகசியப் போலீஸ் கட்டடத்தை அருங்காட்சியகமாக ஆக்கியிருக்கிறார்கள். ஆட்களை அடைத்து வைத்த அறைகள் அப்படியே இருக்கின்றன. அங்கே கேட்டுப் பார்க்கிறேன்” என்றார்.

சம்பந்தம் தலைவரிடம் போய், “ஐரோப்பாவில் மியூசியத்தில் வைக்கக் கேட்கிறாங்க” என்று மட்டும் சொன்னார். தலைவர் அந்தக் கணமே கழற்றிக் கொடுத்தார். கொடுக்கும்போது போட்டோ எடுக்கச் சொன்னார். சரியாக விழவில்லை என்று மறுபடியும் கொடுத்தார்.

ரூதா கடிதத்தை எடுத்தார். பேனாவைத் திறந்தவர் நிறுத்தினார்.

“அவருடைய இருபது நிமிஷத்தை ஒரு வரியாக்கினீர்களே, என் பாட்டுகளையும் அப்படிச் சுருக்கிவிட்டீர்களா?”

“இல்லைங்க. ஒரு வரிகூட.”

“எப்படி நம்புவது?”

“அந்தப் பாட்டைப் பாடின பெண்கள் யாரும் எந்தப் பேரவைக்கும் தலைவி இல்லையே.”

இந்த முறை சந்தேகமில்லை. சிரிப்புதான். சிரித்துக்கொண்டே கையெழுத்துப் போட்டார்.

மூன்றாம் நாள் சம்பந்தம் கடிதத்தோடு அச்சகத்துக்குக் கிளம்பினார். பஸ் ஸ்டாண்டில் சத்தியராஜ் அண்ணாந்து பார்த்தபடி நின்றிருந்தார். புதுப் பேனர்: ‘ரஷ்ய நாட்டு அருங்காட்சியகத்தில் நம் தலைவரின் பொன்னாடை!’

“சார், இப்பவாச்சும் சொல்லுங்க. அந்தம்மா கட்சிதானே?”

சம்பந்தம் வாயைத் திறந்தார். எங்கிருந்து ஆரம்பிப்பது? ரயிலிலிருந்தா, கலைக்களஞ்சியத்திலிருந்தா, அந்த அறைகளிலிருந்தா? அதற்குள் பஸ் வந்துவிட்டது.

“புத்தகம் வரட்டும் சத்தியராஜ், படிச்சுப் பாருங்க” என்று ஏறிக்கொண்டார்.