பக்கத்து சீட்டுக்காரர்

ஊரில் பாதிப் பேருக்கு ஸ்டியரிங் பிடிக்கச் சொல்லிக்கொடுத்த டிரைவிங் ஸ்கூல் வாத்தியார் வீட்டுக்கே அபராதச் சீட்டு வந்துவிட்டது. சிக்னலில் சிவப்பு விழுந்த பிறகு அவருடைய கார் கோட்டைத் தாண்டியதைக் கேமரா பிடித்திருந்தது. காரின் தலையில் இருந்த ஸ்கூல் பலகைகூடப் பளிச்சென்று விழுந்திருந்தது. கேமராவுக்குக் கொஞ்சமும் இங்கிதம் இல்லை.

ஓட்டியது யார் என்று எழுதித் தராவிட்டால் குற்றம் காருக்குச் சொந்தக்காரர் தலையில்தான் வந்து விடியும். அப்படி அவர் பேரில் ஏறினால் கற்றுக்கொடுக்கிற லைசென்ஸ் போய்விடும். ஸ்கூலை இழுத்து மூட வேண்டியதுதான்.

"யாரு என் காரை எடுத்தது?" என்று சமையலறை வாசலில் நின்று கத்தினார்.

"நான்தான் ஓட்டினேன்," என்றாள் மனைவி, கையைத் துடைத்தபடி.

"கண்ணு எங்க இருந்துச்சு? என்கிட்ட கத்துக்கிட்டவ செய்யற வேலையா இது?" என்று பொரிந்து தள்ளினார். அவர் மூச்சு வாங்க நின்றபோதுதான் அவள் வாயைத் திறந்தாள்.

"படத்தை நல்லா பாருங்க."

மூக்குக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு பார்த்தார். அவள் பக்கத்து சீட்டில் ஒரு தொப்பை. ஒரு கை வீங்கின கன்னத்தைப் பிடித்திருக்க, இன்னொரு கை முன்னால் நீண்டிருந்தது. பல்வலி பொறுக்காமல் டாக்டரிடம் ஓடிய அன்று, "மஞ்சள்தான், அழுத்து அழுத்து!" என்று தான் கத்தியது அப்போதுதான் ஞாபகம் வந்தது.

"இப்ப என்ன பண்றது?" என்று அசடு வழிந்தார்.

அவள் அபராதச் சீட்டை வாங்கிக்கொண்டாள். ஓட்டியவர் என்ற இடத்தில் தன் பேரை எழுதிக் கையெழுத்துப் போட்டாள். அபராதத்தோடு ஒரு தண்டனையும் சேர்ந்து வந்தது: சாலை விதி வகுப்பில் ஒரு நாள் உட்கார வேண்டும். ஊரில் அந்த வகுப்பை எடுப்பவர் வாத்தியார் ஒருவர்தான்.

வகுப்பு நாளில் அவள் முதல் ஆளாக வந்து முன் பெஞ்சைப் பிடித்துக்கொண்டாள். மஞ்சள் விளக்குப் பாடம் வந்தபோது வாத்தியாருக்கு வெட்கமாக இருந்தது. அதைவிட, அவள்மேல் பிரியமாக இருந்தது.

"மஞ்சள் விழுந்தா நிறுத்தணும். பக்கத்துல இருக்கிற முட்டாள் போ போன்னு கத்தினாலும் நிறுத்தணும்."

முன் பெஞ்சில் ஒரு கை உயர்ந்தது. "அவரு வாத்தியாரா இருந்தாலுமா சார்?"

"வாத்தியாரா இருந்தா," என்றார் அவர், "வண்டியை ஓரங்கட்டி, அந்த ஆளை முதல்ல கீழ இறக்கி விட்டுடுங்கம்மா."