செந்நிறப் புளியாரை போன வழி

1

இந்தக் கதையை எழுத நான் நினைக்கவே இல்லை. 1998இல் புளியாரைச் செடியைப் பற்றி ஒரு கட்டுரை எழுத உட்கார்ந்தேன். உலகமெல்லாம் முளைக்கும் அந்தச் செடிக்குச் சொந்த ஊர் எது என்று யாராலும் உறுதியாகச் சொல்ல முடியவில்லையாம். தில்லித் தமிழன் ஒருவனின் கட்டுரை தடம்புரள இது போதாதா?

2

'உஷாராணியின் கணவன் இளஞ்செழியன் அன்று அலுவலகம் போனவன்...' (செய்தித்தாள் வாடை. அடித்துவிட்டேன்.)

'அந்தத் தொட்டியில் ஏதோ...' (பேய்க்கதை வாடை. இதுவும் வேண்டாம்.)

நேராகவே சொல்கிறேன். செடிகள் எங்கெங்கே பரவியிருக்கின்றன என்று வரைபடத்தில் புள்ளி வைப்பது உஷாராணியின் வேலை. லக்ஷ்மிபாய் நகர் வீட்டுத் தொட்டியில் செந்நிற இலைப் புளியாரை வைத்திருந்தாள். தில்லியில் வேறெங்கும் அதை அவள் கண்டதில்லை. இளஞ்செழியன் காணாமல் போனான். நாத்தனார் சுஜாதாவோடு ஊரெல்லாம் தேடி அலைந்தாள்.

அடுத்த மழைக்காலத்தில் சரோஜினி நகர் பேருந்து நிறுத்தத்தில் அதே செந்நிற இலை. பிறகு ஒரு பாலத்தடியில். ஒவ்வொன்றையும் வரைபடத்தில் புள்ளியாக வைத்தாள். புளியாரைக் காய் வெடித்தால் விதை தெறித்து ஒட்டிக்கொள்ளும். அவன் காலோடு போயிருக்கிறது என்று நம்பினாள். அவன் உயிரோடிருக்கிறான் என்பதற்கு அவளிடம் வேறு ஆதாரம் இல்லை.

(இவ்வளவு படித்தவள் இதை நம்புவாளா? எனக்கும் சந்தேகம்தான். நம்பாமல் வேறு என்னதான் செய்வாள், பாவம்?)

3

கடைசிப் புள்ளி, காலி செய்து பூட்டிய ஓர் அரசுக் குடியிருப்பு. ஜன்னல் வழியே பார்த்தார்கள். கூடத்துத் தரை விரிசலெல்லாம் செந்நிறம்.

"உங்கண்ணன் உள்ளதான் இருக்கார், சுஜா!"

சுஜாதா வரைபடத்தை வாங்கிப் பார்த்தாள்.

"அண்ணி, இதெல்லாம் நாம தேடி அலைஞ்ச இடம். விதை உங்க செருப்புல ஒட்டிட்டுப் போயிருக்கு."*

"அச்சா... ஆனா இங்க நாம வந்ததே இல்லியே?"

"நாம ரெண்டு பேரும் சேர்ந்து வந்ததில்ல, அண்ணி."

* இத்தொழிலில் நடக்கிற பிழை இது: தான் போன இடத்தைச் செடி போன இடமென்று எண்ணிவிடுவது.

4

இளஞ்செழியன் கதவைத் திறப்பதாக எழுதிப் பார்த்தேன், பொய்யாக இருந்தது. உஷாராணி முன்பே ஒருநாள் அவனோடு இங்கே வந்து தனியாகத் திரும்பியிருக்கிறாள், அவளுக்கே அது நினைவில்லை என்று தொடங்கினேன். பயத்தில் பேனாவை மூடிவிட்டேன்.

உஷாராணி கதவைத் தட்டக் கையெடுத்தாள். சுஜாதா பின்வாங்கினாள். கதவுக்குப் பயந்தா, அண்ணிக்குப் பயந்தா என்பதை நீங்களே எழுதிக்கொள்ளுங்கள்.