கேட்காமல் சொன்ன ஓம்

பொயிண்ட் குக் புறநகரில் சந்திரவதனாவின் வீட்டுக்கு மேலே, 2023 யூலை மூன்றாம் திகதியிலிருந்து, விமானம் இல்லாமல் விமானச் சத்தம் மட்டும் வந்தது. நாள்தோறும் பிற்பகல் மூன்றே காலுக்கு, நாற்பது விநாடி, அவளுடைய வேலிக்குள் மட்டும். விசாரிக்க வந்த நகரசபை அலுவலர் முற்றத்தில் நின்று அளந்தபோது கருவி நூற்றுப் பன்னிரண்டு டெசிபெல் காட்டியது. வேலிக்கு வெளியே நாற்பத்தொன்று. இரண்டையும் எழுதிக்கொண்டு, வேலியோரம் அடர்த்தியான செடிகள் நடும்படி சொல்லிவிட்டுப் போனார். சந்திரவதனா ஏழு செடிகள் நட்டாள். ஐந்து பிழைத்தன.

பக்கத்து வீட்டு ஜெகதீஷுக்குச் சொந்த ஊர் திருச்சி, வேலை கணினியில், பைத்தியம் போர்விமானங்களில். அவன் கண்ணை மூடிக்கொண்டு முற்றத்தில் நின்று கேட்டான். முதல் மாதம் வந்தது இரட்டை இருக்கைப் பயிற்சி விமானம் என்றான். “புதுசா ஓட்டப் பழகுறான் அக்கா. திருப்பும்போது இன்ஜின் திணறுது பாருங்க.” ஓகஸ்டில் திணறல் நின்றது. “இப்ப வர்றது மிக்-27. ரஷ்யாக்காரன் செஞ்சது.”

“நாங்கள் எல்லாத்தையும் கிபிர் எண்டுதான் சொன்னனாங்கள்.”

“ஐயோ, கிபிர் இஸ்ரேல்காரன் செஞ்சது. அது வேற, இது வேற.”

“பங்கர்க் குழிக்குள்ள குப்புறக் கிடந்து ஆர் தம்பி பேர் பாத்தது?”

ஜெகதீஷ் தேத்தண்ணியைக் குடித்து முடித்தான். அதன்பிறகு அவளிடம் விமானங்களின் பெயரைச் சொல்லவில்லை.

ஆஸ்பத்திரித் துணிகள் வெளுக்கும் தொழிற்சாலையில் அவளுக்குக் காலை ஐந்து மணி வேலை. இரண்டு மணிக்கு வந்து சாய்வாள். மூன்றே காலுக்கு உடம்பு தானாக எழும்பிப் போய்க் குசினி மேசைக்கடியில் குப்புறப் படுக்கும். அதோடு சண்டை பிடிக்க அவளுக்குத் தெம்பில்லை. செப்டெம்பரில், அங்கே படுத்திருந்தபோது, இரைச்சலுக்கு அடியில் வேறு சத்தங்கள் கிடப்பதைக் கவனித்தாள். ஒரு கோழி. ஒரு சைக்கிள் மணி. விளங்காத ஓர் ஆண் குரல். பிறகு, தெளிவாக, சரி என்று தலையாட்டுவதுபோல, ஒரு பெண் குரல்: “ஓம்!” அது அவளுடைய குரல்.

2008 மாசியில் வன்னியில் அவளுடைய கணவன் அருந்தவன் சைக்கிளை எடுத்துக்கொண்டு வெளிக்கிட்டான். வாசல் படலையடியில் நின்று, திரும்பி ஏதோ சொன்னான். அந்த நேரம் பார்த்து மேலே விமானம். அடுப்படியில் நின்றவளுக்கு அவன் வாய் அசைந்தது மட்டும் தெரிந்தது. பழக்கதோஷத்தில் ஓம் என்றாள். அவன் தலையாட்டிவிட்டுப் போனான். குண்டு சந்தியில் விழுந்தது. அவன் திரும்பவில்லை. எதற்கு ஓம் சொன்னாள் என்பது அவளுக்குத் தெரியாமலே போயிற்று. பிள்ளையோடு நாட்டைவிட்டு வந்தபோதும், தாலிக்கொடியை விற்றபோதும், மறுகல்யாணம் பேசி வந்தவர்களைத் திருப்பி அனுப்பியபோதும், அந்த ஓமை மீறுகிறேனோ என்று ஒரு தரம் நின்று யோசித்தாள். துணி வெளுப்பதைவிட அதுதான் அவளைக் களைக்க வைத்தது.

ஒக்டோபரில், கோடைகாலத்துக்காக, மாநிலம் மணிக்கூடுகளை ஒரு மணித்தியாலம் முன்னே தள்ளியது. சத்தம் அதை மதிக்கவில்லை, நாலே காலுக்கு வந்தது. அதே மாதம் தொழிற்சாலை அவளைப் பிற்பகல் வேலைக்கு மாறச் சொன்னது. அந்த நேரத்துக்கு வீட்டில் இருக்கவேண்டும் என்று அவள் மறுத்தாள். வேலை கிழமைக்கு இரண்டு நாளாகச் சுருங்கியது. ஜெகதீஷ் ஒலிப்பதிவு செய்து பார்த்ததில் விமானச் சத்தம் மட்டும் பதிவானது, குரல்கள் பதியவில்லை. பல்கலைக்கழகத்தில் பௌதிகவியல் படிக்கும் மகள் நிரூபாவுக்குப் பொறுமை போனது.

“ஜொப் போயிடும் அம்மா. அப்பா இஸ் நொட் கோயிங் டு சே இட் அகெய்ன்.”

“திருப்பிச் சொல்ல வேண்டாம். அண்டைக்குச் சொன்னதைத்தான் கேக்கிறன்.”

நவம்பர் இருபத்தோராம் திகதி விமானம் ஆறு விநாடி பிந்தியது. அந்த ஆறு விநாடிக்குள் அருந்தவன், பக்கத்தில் நிற்பவனைப்போல, சொன்னான்: “சிவபாலன்ர பம் பின்னால கிடக்கு. மறக்காமல் குடுத்துவிடு.” அவள் ஓம் என்றாள். பிறகு விமானம் வந்தது.

“வட் டிட் ஹி சே?” நிரூபா குனிந்து கேட்டாள்.

“பம்.”

“என்ன?”

“சைக்கிளுக்குக் காத்தடிக்கிற பம்.”

அன்று சந்திரவதனா மேசைக்கடியிலிருந்து வெளியே வர நிறைய நேரம் எடுத்தது.

வன்னியில் பக்கத்து வளவில் இருந்த சிவபாலன் இப்போது சிட்னியில், மெரிலேண்ட்ஸில், பஸ் ஓட்டுகிறான். அடுத்த நாள் அவனுக்குப் போன் எடுத்தாள்.

“பம்மோ? நான் அண்டைக்கே தேடினனான் அக்கா.”

“அது அங்கையே துலைஞ்சு போச்சுது. புதுசு ஒண்டு அனுப்புறன்.”

“ஏனக்கா உந்த வீண்வேலை?”

“ஓம் எண்டு சொல்லிப்போட்டன்.”

டிசெம்பரில் அவள் பிற்பகல் வேலைக்கு மாறினாள். விமானம் இன்னமும் வருகிறது. வீட்டில் இருப்பவர்கள் நாற்பது விநாடி பேச்சை நிறுத்திவிட்டு, விட்ட இடத்திலிருந்து தொடர்கிறார்கள். சிவபாலனிடம் சைக்கிள் இருக்கவில்லை. பொதி வந்து சேர்ந்த கிழமையே சைக்கிள் ஒன்று வாங்கினான்.