முடிச்சு சொன்ன நாள்

ஜித்ராய் அண்ணனுக்குச் சந்தேகம் வந்துவிட்டால் சோறு இறங்காது. எங்கள் சந்தாலி வாரப் பத்திரிகைக்கு அவர் ஆசிரியர். செய்தி சேகரிப்பதும் அவரிடம் ஏச்சு வாங்குவதும் என் வேலை. போன மாதம் இரண்டு முறை, குன்றைக் காக்க ஊர்க்காரர்கள் கூடும் நாள், பத்திரிகை அச்சாகும் முன்பே கல்குவாரிக்காரனுக்குத் தெரிந்துவிட்டது. அவன் ஆட்கள் லாரியைக் குறுக்கே நிறுத்தி வழியை அடைத்தார்கள்.

"உள்ளேயிருந்துதான் போகுது, சல்கே. லக்காயைக் கவனிச்சியா?"

லக்காய் எங்கள் சந்தாலி மொழியின் ஒல் சிக்கி எழுத்தைக் கம்ப்யூட்டரில் அடிக்கிறவன். அடித்து முடித்ததும் சைக்கிளை எடுத்துக்கொண்டு எங்கோ போய்விடுவான்.

"எங்கடா போற?" என்று அண்ணன் கேட்டால், "சும்மாதாண்ணே" என்பான்.

"சும்மா போறவன் பைய ஏன் மாரோட அணைச்சுக்கிட்டுப் போறான்?" என்றார் அண்ணன் என்னிடம். எனக்கும் உறுத்தியது. பொரியில் கடுகெண்ணெய் பிசைந்து நீட்டினால்கூட நின்று தின்னாமல் ஓடுகிறவனை என்னவென்று நினைப்பது?

இந்தத் தடவை விஷயம் பெரிது. குன்றைக் குவாரிக்குக் கொடுக்கலாமா என்று கேட்க, பஞ்சாயத்து ஆபீசுக்கு அதிகாரி வெள்ளிக்கிழமை வருகிறார். யாரும் எதிர்க்காவிட்டால் குன்று போச்சு, அதன் அடியில் எங்கள் சாமி குடியிருக்கும் சால் மரத்தோப்பும் போச்சு. அண்ணன் லக்காயிடம் மட்டும் ஞாயிற்றுக்கிழமை என்றார். "அந்தச் செய்திய நானே அடிச்சுக்கிறேன். நீ ஊருக்குப் போய்ட்டு வா" என்று லீவும் கொடுத்தார்.

அவன் போனதும் என்னைப் பார்த்துக் கண்ணடித்தார். "ஞாயித்துக்கிழமை லாரிய நிறுத்தட்டும். நாம வெள்ளிக்கிழமையே ஜெயிச்சிருவோம்."

வியாழன் சந்தையில் பத்திரிகை விற்றது. வெள்ளிக்கிழமை என்று கொட்டை எழுத்தில் போட்டிருந்தோம்.

மறுநாள் வழியில் ஒரு லாரிகூட இல்லை. ஆனால் ஆபீஸ் வாசலில் நானும் அண்ணனும்தான் நின்றோம். குன்றைச் சுற்றியுள்ள ஏழு ஊர்களில் எங்களுக்கு நிலமில்லை என்று அதிகாரி எங்கள் பேச்சைக் கேட்கவே இல்லை. மத்தியானம்வரை இருந்துவிட்டு, 'எதிர்ப்பு இல்லை' என்று எழுதிக்கொண்டு ஜீப்பில் ஏறினார்.

"மொத்த ஊரையும் வாங்கிட்டான் குவாரிக்காரப் பாவி!" என்று அண்ணன் பல்லைக் கடித்தார். "ஞாயித்துக்கிழமை வா, அந்தத் துரோகிய நேர்லயே பாக்கலாம்."

ஞாயிறு காலையில் நாங்கள் ஆபீஸ் வாசலில் போய் நின்றபோது முரசுச் சத்தம் கேட்டது. ஏழு ஊரும் வந்துகொண்டிருந்தது. பிள்ளைகளை முதுகில் கட்டிய பெண்கள், வில்லோடு ஆண்கள். முன்னால் வந்த ஊர்த்தலைவர் ரூப்சாந்த் கையில் ஒரு வெறும் நூல். கல்யாணமோ கூட்டமோ, முடிச்சு போட்ட நூலைத்தான் எங்கள் ஊர்களுக்கு அனுப்புவார்கள். தினம் ஒரு முடிச்சை அவிழ்த்தால், கடைசி முடிச்சு அவிழும் நாளில் கூட வேண்டும்.

"இது யார் கொடுத்தது மாமா?" என்றேன்.

"ஒங்க லக்காய்தான். எப்பவும் அவன்தானே கொண்டாறான்! எங்கள்ல எத்தன பேருக்கு ஒங்க எழுத்து தெரியும்?"

"எங்ககிட்ட சொல்லவே இல்லையே!"

"எப்படிச் சொல்லுவான்? 'முடிச்ச விடுங்க, எழுத்தப் படிங்க'ன்னு ஒங்கண்ணன் பேப்பர்லயே திட்டினாராமே!"

"குவாரிக்காரனுக்கு எப்படித் தெரிஞ்சுது?"

"நூல் வாசல்ல தொங்குது. அவன் லாரி ஓட்டறதே நம்ம பசங்கதான். ஆமா, பேப்பர்ல வெள்ளிக்கிழமைன்னு இருக்குன்னு ஒருத்தன் சொன்னான். முடிச்சு பொய் சொல்லாதுன்னு நாங்கதான் அவன அடக்கிட்டோம்."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "சொல்லுங்கண்ணே! வாயில என்ன கொழுக்கட்டையா?" என்று கத்தினேன்.

கடைசியாக, நடக்க முடியாதவர்களைச் சைக்கிளில் உட்காரவைத்துத் தள்ளிக்கொண்டு லக்காய் வந்தான். சட்டை நனைந்திருந்தது. எங்களைப் பார்த்ததும் முகமெல்லாம் சிரிப்பு.

"ஒருத்தர் பாக்கியில்லண்ணே!" என்றான். "ஆபீசர் எப்ப வர்றாரு?"

ஏழு ஊரும் அண்ணனின் முகத்தைப் பார்த்தது.