சலவைக் கடைச் சமக்குறி

சலவைக் கடை அக்காவும் தங்கையும் ஒரு செவ்வாய்க்கிழமை காலை, காபி ஆறுவதற்குள், ஒரே உயரம் ஆனார்கள். அதுவரை அக்கா ஒரு தலை உயரம் அதிகம். அவள் இறங்கியதும் இவள் ஏறியதும் சத்தமில்லாமல் நடந்தது. அக்காவின் உடுப்பு தரையில் புரண்டது, தங்கையுடையது கணுக்காலுக்கு மேலே ஏறிக்கொண்டது. அக்கா இருவருக்கும் நடுவே மேசைமேல் கிடந்த இரும்புத் துண்டைப் பார்த்து, “நான் கேட்டது இதையா?” என்று கத்தினாள்.

அவள் கேட்டது காது. முந்தைய வருடம் ஒரு காய்ச்சல் தங்கையை விட்டுப் போகும்போது காதுகளையும் கூட்டிக்கொண்டு போயிருந்தது. மருத்துவர்கள் கையை விரித்தார்கள். பின்கட்டில் நீராவிக் கொதிகலன் ஊதியது கேட்காமல் தங்கை மணிக்கட்டைப் பொசுக்கிக்கொண்ட பிறகு அக்காவுக்கு நிம்மதி போயிற்று. முன்கட்டிலிருந்து நாளெல்லாம் கத்துவாள். கத்துவது கேட்காது என்பது தெரிந்தும் கத்துவாள். சாயங்காலத்துக்குள் தொண்டை கட்டி, வாடிக்கையாளர்களிடம் சைகையில் பேசிக்கொண்டிருப்பாள்.

அந்த இரும்பு, யாரோ வெளுக்கப் போட்டுவிட்டு வாங்க வராத ஒரு கோட்டின் உள்பையில் கிடைத்தது. விரல் தடிமனில் இரண்டு கம்பிகள், ஒன்றுக்கு மேல் ஒன்றாக, நடுவே வெறும் காற்று. ஆனாலும் பிரிக்க முடியவில்லை, நெருக்கவும் முடியவில்லை. மாடியில் குடியிருந்த கணக்கு வாத்தியார்தான் பார்த்தவுடன் நாற்காலியைவிட்டு எழுந்து நின்றார். எதற்கெடுத்தாலும் “எக்ஸ்னு வெச்சுக்குவோம்” என்பதால் தெருவில் அவருக்கு எக்ஸ் வாத்தியார் என்றே பெயர். கணக்கும் மந்திரமும் ஒரே பாடமாக இருந்த காலத்தில், இரண்டிலும் கைதேர்ந்த ஒருத்தி வார்த்த சமக்குறி அது என்றார். அதன் இரண்டு பக்கமும் இருப்பவை சமமாகிவிடும். ஆற்றின் நடுத்திட்டில் அதை நட்டுவிட்டுச் சண்டை போட்ட இரண்டு படைகளில், இங்கே ஒருவன் விழுந்தால் அங்கேயும் ஒருவன் விழ, கடைசியில் இரண்டு ராஜாக்களும் தன்னந்தனியாக நின்று ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டிருந்தார்களாம். அதற்குப் பிறகு அதைத் தேடி அலைந்தவர்கள் ஏராளம். அக்காவுக்கு ராஜாக்கள் சங்கதி வேண்டியிருக்கவில்லை. தன் காதில் பாதி தங்கைக்குப் போனால் போதும்.

உயரத்துக்கு அடுத்து நரை சமமாயிற்று. அதற்கடுத்து பல்வலி. தங்கையின் சொத்தைப் பல்லில் பாதி அக்காவின் வாய்க்கு வந்து சேர்ந்த அன்று, அவள் சமக்குறியைத் தூக்கிச் சோப்புத் தொட்டியில் எறிந்தாள். தொட்டியின் இரண்டு பாதியிலும் நுரை ஒரே மட்டத்தில் நின்றது. கன்னத்தைப் பிடித்துக்கொண்டு மாடிக்கு ஏறினாள்.

“தொண்டை கிழியக் கேக்கறேன் வாத்தியாரே, அதுக்குப் புரியவே மாட்டேங்குது!”

“அதுக்குக் காது இல்லியேம்மா. உங்க ரெண்டு பேருக்கும் நடுவுல எதெது வேறயா இருக்கோ, அதுல கைக்கு வர்றதைச் சமம் பண்ணும். மத்ததெல்லாம் சமமாயிட்டா, கடைசியில மிஞ்சறது காதுதான்.”

“அதுவரைக்கும்?”

“அதுவரைக்கும் பொறுத்துக்கணும்.”

பொறுமை அக்காவின் சரக்கில் கிடையாது. இருந்தும் இரும்பைத் தொட்டியிலிருந்து எடுத்து, வருடக்கணக்கில் பொறுத்தாள். பார்வை சமமாகி இருவருக்கும் மூக்குக்கண்ணாடி வந்தது. தூக்கம், பசி, முழங்கால் வலி, குளிர் தாங்கும் சக்தி எல்லாம் ஒவ்வொன்றாக வந்து நேர்கோட்டில் நின்றன. காது மட்டும் வரவில்லை. ஒவ்வொரு முறையும் அக்கா கதவை அறைந்து சாத்தினாள். தங்கை தன் பாட்டுக்கு இஸ்திரி போட்டாள். அவள் சாது என்று தெருவே சொல்லிற்று.

ஒரு மழைக்காலத்தில், அக்கா வழக்கம்போல் இரும்பை நடுவில் வைத்துவிட்டுக் கண்ணை மூடினாள். நெஞ்சிலிருந்து ஒரு மூட்டை இறங்கியதுபோல் இருந்தது. கண்ணைத் திறந்தபோது எதிரே தங்கை முகம் சிவந்து நின்றாள். அக்காவின் கோபத்தில் சரிபாதி அவளிடம் போயிருந்தது. இஸ்திரிப் பெட்டியை ஓங்கி வைத்தாள்.

“நீ கத்தறது எனக்குத் தெரியாதுன்னு நெனச்சியா? உன் மூஞ்சியே கத்துதுடி! குள்ளமா இருந்தேன், நல்லாத்தான் இருந்தேன். என் முடி, என் பல்லு, என் தூக்கம், எல்லாத்தையும் எடுத்து எடுத்துப் பங்கு போட்டியே, ஒரு நாளாவது என்னைக் கேட்டியா?”

அக்கா கேட்கவில்லைதான். இத்தனை வருடமும் இரும்பிடம்தான் கேட்டிருந்தாள். இப்போது தங்கை வாயைப் படிக்கும்படி முகத்தை நேரே திருப்பி, மெதுவாகக் கேட்டாள்.

“சரி. கேக்கறேன். வேணுமா, வேணாமா?”

தங்கை மேசைத்துணியின் சுருக்கத்தை நீவிவிட்டாள்.

“வேணும். ஆனா உனக்குக் கொறையுமே, அது பிடிக்கலை. இருந்தாலும் வேணும்.” பிறகு, “இனிமே நீ கத்துனா நானும் கத்துவேன்” என்று சொல்லி, சமக்குறியைத் தானே எடுத்து நடுவில் வைத்தாள்.

அன்று காது சமமாயிற்று. வாத்தியார்கூட எதிர்பார்க்காத விதமாக அது பங்கு போட்டிருந்தது. எந்தப் பேச்சிலும் ஒன்றுவிட்டு ஒரு வார்த்தை அக்காவுக்கும், மிச்ச வார்த்தைகள் தங்கைக்கும் கேட்டன. “இந்தக் கறை போகாட்டி பரவால்ல, சாயம் போகக்கூடாது” என்று ஒருவர் சட்டை கொடுத்தால், ‘கறை பரவால்ல, போகக்கூடாது’ என்பது தங்கையின் பங்கு. அக்காவுக்கு ‘இந்தக்... போகாட்டி... சாயம்’. இரண்டையும் சேர்த்துப் பார்ப்பதற்குள் இருவரும் ஒரு சண்டையை முடித்திருப்பார்கள். முதல் மாதத்தில் சில சட்டைகள் வீணாயின. வாத்தியார் வருத்தம் தெரிவித்தார். பாதி வருத்தம் இவளுக்கும் பாதி அவளுக்கும் போய்ச் சேர்ந்தது.

இப்போது அந்தத் தெருவில் துணி கொடுக்க வருபவர்கள், வாசலில் நின்று இரண்டு பேரும் இருக்கிறார்களா என்று எட்டிப் பார்த்துவிட்டுத்தான் வாயைத் திறக்கிறார்கள். ஒருத்தி மட்டும் இருந்தால், மற்றவள் வரும்வரை பெஞ்சில் உட்கார்ந்திருக்கிறார்கள்.